மறுமலர்ச்சிக் காலத்தில லத்தீன் செல்வாக்கு எண்டு எப்பிடி எழுதுறது? டிராஃப்ட் திரும்பி வந்திட்டுது

வெள்ளவத்தை வாசகி:

எல்லாருக்கும் வணக்கம். பகல்ல வேலை, பின்னேரமும் சனி ஞாயிறும் இங்கிலிஷ் லிட்டரேச்சர் டிகிரி, இது கடைசி வருசம். ரெனசான்ஸ் எண்டுற ஐரோப்பிய மறுமலர்ச்சிக் கால எழுத்தில லத்தீன் இலக்கியத்தின்ர செல்வாக்கு எண்டு 3000 சொல்லில ஒரு அசைன்மென்ட் தந்தவை. ரெண்டு கிழமையா இரவிரவா இருந்து எழுதிக் குடுத்தன். போன சனிக்கிழமை திருப்பித் தந்தாச்சு, மார்க் போடேல்ல, முதல் பக்கத்தில சிவப்புப் பேனையால ஒரே ஒரு வரி: "எங்கயிருந்து எடுத்தார் எண்டு சொல்லியிருக்கிறீர், எடுத்து என்ன செய்தார்?"

நான் எழுதினது இதுதான். ஷேக்ஸ்பியரின்ர கொமடி ஒஃப் எரர்ஸ் புளோட்டஸ் எண்ட உரோம நாடகக்காரர் எழுதின இரட்டைப் பிள்ளையள் நாடகத்திலயிருந்து வந்தது, புளோட்டஸில ஒரு சோடி இரட்டையர், ஷேக்ஸ்பியர் வேலைக்காரரையும் இரட்டையராக்கி ரெண்டு சோடியாக்கினார். டைட்டஸ் அன்ட்ரோனிக்கஸில உரோமக் கவிஞர் ஓவிட் சொன்ன ஃபிலொமெலா எண்ட பெண்ணின்ர கதை, ஓவிட்டின்ர புத்தகத்தையே மேடைக்குக் கொண்டு வருகினம். ஜூலியஸ் சீசர், அன்டனி கிளியோபட்ரா ரெண்டுக்கும் புளூட்டாக் எழுதின வாழ்க்கை வரலாறுகள், அதை நோர்த் எண்டவர் 1579இல இங்கிலிஷில போட்டார், அது லத்தீன் இல்லை கிரேக்கம் எண்டதையும் எழுதினன். இங்கிலிஷ் கவிஞர் மில்டனுக்கு உரோமக் கவிஞர் வேர்ஜில். இப்பிடியே எட்டுப் பக்கம். ஒண்டும் பிழையில்லை, ஆனா அந்தச் சிவப்பு வரியைப் பாத்த பிறகு திரும்ப வாசிக்க, கேட்டது சரியான கேள்வி எண்டு எனக்கும் விளங்குது. அதுக்குப் பதில் எப்பிடி எழுதுறது எண்டுதான் விளங்கேல்ல.

இன்னொரு குழப்பம். ஒரு புத்தகத்தில ஆயிரம் வருசம் செத்துக் கிடந்த பழைய இலக்கியம் இத்தாலியில உயிர்த்து வந்தது எண்டு கிடக்கு. மற்றதில மத்திய காலத்து மடங்களில வேர்ஜிலையும் ஓவிட்டையும் எப்பவுமே வாசிச்சுக்கொண்டுதான் இருந்தவை எண்டு கிடக்கு. இத்தாலியக் கவிஞர் தான்டேயின்ர காவியத்தில அவருக்கு நரகத்தில வழி காட்டுறதே வேர்ஜில்தானே, அது 14ஆம் நூற்றாண்டுத் துவக்கம். அப்ப எதுதான் புதுசு?

எனக்கு லத்தீன் ஒரு சொல்லும் தெரியாது, அது இல்லாமல் இதை ஒழுங்கா எழுத ஏலுமோ எண்டும் சொல்லுங்கோ. இன்னும் மூண்டு கிழமை தந்திருக்கினம்.


ஏட்டுச்சுவடி:

பிள்ளை, நான் 20 வருசத்துக்கு மேல ஏலெவலுக்கு கிரேக்க உரோம நாகரிகம் படிப்பிச்சனான், இப்ப ஓய்வு, தெஹிவளையில இருக்கிறன். உங்கட ரெண்டாவது கேள்வியிலயிருந்து துவங்குவம், அது தெளிஞ்சா முதலாவது தானா இளகும்.

செத்து உயிர்த்தது எண்ட கதை அந்தக் காலத்து இத்தாலிய எழுத்தாளர் தங்களைப் பற்றித் தாங்களே சொன்னது. 1860இல புர்க்ஹார்ட் எண்ட சுவிஸ்காரர் எழுதின புத்தகத்தோட, நவீன மனிசன் இத்தாலியிலதான் பிறந்தான் எண்ட எண்ணம் எல்லா இடமும் ஊன்றிப் போச்சுது. அதுக்கு மறுப்பா 1927இல ஹஸ்கின்ஸ் எண்ட அமெரிக்கர் 12ஆம் நூற்றாண்டிலயே ஒரு மறுமலர்ச்சி இருந்தது எண்டு புத்தகமே எழுதினார். அப்ப நீங்கள் வாசிச்ச ரெண்டும் ஒரு பெரிய வழக்கின்ர ரெண்டு பக்கம். மத்திய காலத்து ஆக்களிட்ட வேர்ஜில் இருந்தார், ஓவிட் இருந்தார், அதில சந்தேகமே வேண்டாம். மாறினது அவையோட பழகின விதம்.

அதில முதல் பாக்க வேண்டியது தேடல். இத்தாலியக் கவிஞர் பெற்றார்க் 1345இல வெரோனா தேவாலயத்து நூலகத்தில, பழைய உரோமப் பேச்சாளர் சிசரோ தன்ர கூட்டாளி அட்டிக்கஸுக்கு எழுதின கடிதங்களைக் கண்டுபிடிச்சார். அதுவரைக்கும் சிசரோ எண்டா அவருக்கு ஒரு ஞானி. கடிதத்தை வாசிச்சா உள்ளுக்க இருக்கிறது அரசியல் சண்டை, பயம், இண்டைக்கு ஒரு பேச்சு நாளைக்கு ஒரு பேச்சு. மனம் நொந்து போய், செத்து 1300 வருசத்துக்கு மேலான மனிசனுக்கே, ஏன் ஐயா உமக்கு இந்த வயசில இந்த வேலை எண்டு கேட்டு லத்தீனில ஒரு கடிதம் எழுதினார். எனக்கு இந்த இடம்தான் முக்கியம், அதை நான் ஒவ்வொரு வருசமும் வகுப்பில வாசிச்சுக் காட்டுறனான். மத்திய காலத்து ஆளுக்கு சிசரோ ஒரு அதிகாரம், மேற்கோள் எடுக்கிற இடம். பெற்றார்க்குக்கு அவர் ஒரு காலத்தில வாழ்ந்து பிழை விட்ட மனிசன். தூரம் தெரிஞ்சாத்தானே கடிதம் போடலாம்.

பிறகு பொஜ்ஜோ பிராச்சியோலினி. 1414இலயிருந்து 1418 வரைக்கும் கொன்ஸ்டன்ஸ் நகரத்தில திருச்சபைப் பொதுச்சங்கம் நடக்கேக்க பாப்பரசரின்ர செயலாளரா போனவர், பக்கத்து மடங்களில புகுந்து தேடினார். 1416இல சென் கோலன் மடத்தில ஒரு கோபுரத்துக்குக் கீழ, மரண தண்டனைக் கைதியையும் போட ஏலாத இருட்டறையில, உரோம வாத்தியார் குவின்டிலியன் பேச்சுக்கலையைப் பற்றி எழுதின நூல் முழுசாக் கிடந்தது எண்டு அவரே கடிதத்தில எழுதியிருக்கிறார். அதுவரைக்கும் அது குறையும் கிழிசலுமாத்தான் கையில இருந்தது. 1417இல லுக்ரீசியஸ் எண்ட உரோமக் கவிஞரின்ர நூலும் கிடைச்சுது. இதை வாசிக்கேக்க எனக்கு எங்கட சிறுப்பிட்டி சி.வை. தாமோதரம்பிள்ளையின்ர ஞாபகம் வராமல் இருக்காது. எடுத்தா ஓரம் சொரியுது, கட்டவிழ்த்தா இதழ் முறியுது எண்டு கலித்தொகைப் பதிப்புரையில ஏட்டின்ர நிலையைச் சொல்லுற இடம் தமிழ் படிச்ச ஆக்களுக்குத் தெரியும், அது 1887. அதே வருசம் சாமிநாதையர் சீவக சிந்தாமணியைக் கொண்டுவந்தார். ரெண்டு இடத்திலயும் ஏடு இருந்தது, யாரோ ஒருத்தருக்கு அது அவசரமான விசயமாப் பட்டாத்தான் அது நூலாகுது.

மற்றது மொழியின்ர வயசைப் பாக்கிற கண். கொன்ஸ்டன்டைன் பேரரசர் மேற்கு உரோமை முழுசாப் பாப்பரசருக்கு எழுதிக் குடுத்தார் எண்டு ஒரு பத்திரம் இருந்தது. 1440இல லொரென்சோ வல்லா, இந்த லத்தீன் 4ஆம் நூற்றாண்டு லத்தீனே இல்லை, பாரசீக ஆளுநரைக் குறிக்கிற சத்ராப் எண்ட சொல்லை அந்தக் காலத்து உரோமர் தங்கட அதிகாரிகளுக்குப் பாவிக்கேல்ல எண்டு ஒவ்வொரு சொல்லாப் பிடிச்சுப் பிடிச்சு அது போலி எண்டு நிறுவினார். அவர் அப்ப இருந்தது அல்ஃபொன்சோ அரசரிட்ட, அந்த அரசருக்கும் பாப்பரசருக்கும் நேப்பிள்ஸை வைச்சுச் சண்டை, அதையும் மறக்கக் கூடாது. நோக்கம் அரசியலா இருந்தாலும் முறை சரி. ஒரு சொல்லுக்கு ஒரு காலம் இருக்கு எண்டு காட்டினது பெரிய விசயம்.

இப்ப உங்கட முதல் கேள்வி. கிறிஸ்டெல்லர் எண்ட அறிஞர் பழைய லத்தீன் நூல்களைத் திரும்பக் கையில எடுத்த இந்த ஹியூமனிஸ்ட் ஆக்கள் தத்துவவாதிகள் இல்லை எண்டார். இலக்கணம், பேச்சுக்கலை, வரலாறு, கவிதை, ஒழுக்கவியல் எண்ட அஞ்சு பாடத்தையும் படிப்பிச்ச வாத்திமாரும், அரசருக்கும் நகரசபைக்கும் கடிதம் எழுதின செயலாளருமாத்தான் அவையில கனபேர் இருந்தவை எண்டது அவற்ற கருத்து. அதாவது செல்வாக்கு வகுப்பறைக்குள்ளால வருது. அஸ்கம் எண்ட இங்கிலாந்து வாத்தியாரின்ர நூல், அவர் செத்த பிறகு 1570இல அச்சானது, அதில முறை சொல்லியிருக்கு. சிசரோவின்ர ஒரு கடிதத்தைப் பிள்ளைக்கு விளங்கப்படுத்தி, பிள்ளை அதை இங்கிலிஷில எழுதி, பிறகு புத்தகத்தை வாங்கி வைச்சிட்டு, ஒரு மணித்தியாலமாவது போன பிறகு தன்ர இங்கிலிஷைப் பாத்து திரும்ப லத்தீனில எழுத வேணும். கடைசியில சிசரோவின்ர மூலத்தைப் பக்கத்தில வைச்சு, இந்த இடத்தில அவர் இந்தச் சொல் போட்டார் நீ ஏன் அதைப் போட்டாய் எண்டு பாக்கிறது. ஒல்லாந்து அறிஞர் எராஸ்மஸ் 1512இல ஒரு பாடப்புத்தகம் போட்டார், உங்கட கடிதம் எனக்குப் பெரிய சந்தோசம் தந்தது எண்ட ஒரே வசனத்தை நூறுக்கு மேற்பட்ட விதமா லத்தீனில திருப்பித் திருப்பி எழுதிக் காட்டியிருக்கிறார்.

ஏழு வயசிலயிருந்து இப்பிடிப் பழகின பிள்ளை பெரியாளாகி நாடகம் எழுதேக்க, ஓவிட்டிட்ட கதை வாங்கினது எண்டது மேலுக்குத் தெரியிறது மட்டும்தான். ஒரே விசயத்தைத் திருப்பிச் சொல்லிச் சொல்லி வேற ஆக்கிற கை அந்த வகுப்பில வந்தது.


கொட்டாஞ்சேனைக்காரன்:

ஐயா சொன்னதுல முக்கால்வாசி எனக்கு உடன்பாடுதான், தேடல் பத்தின பகுதி ரொம்ப நல்லா இருந்துச்சு. ஆனா வகுப்பறைய பத்தி சொன்ன இடத்துல நான் நின்னு கேக்கணும்.

அந்த வகுப்பு அவ்வளவு அழகா நடந்துச்சான்னு 1986ல கிராஃப்டன், ஜார்டின்னு ரெண்டு வரலாற்று ஆய்வாளருங்க சேர்ந்து ஒரு புத்தகம் எழுதினாங்க. ஃபெராராவுல குவாரினோன்னு ஒரு பேர்பெற்ற ஆசிரியர், நல்ல மனுசங்கள உருவாக்குறோம், நல்ல குடிமக்கள உருவாக்குறோம்னு சொன்னவர். அவரு பாடத்துல எடுத்த குறிப்புகள இவங்க பார்த்தா, சொல்லுக்கு சொல் அர்த்தம், இலக்கணம், இந்த ஊர் எங்க இருக்கு, இந்த சாமி யாரு, அடுத்த வரி. ஒழுக்கம் பத்தி ஒண்ணும் பெருசா இல்ல. சொன்னத கேட்டு சரியா எழுதுற அதிகாரிங்க அரசாங்கத்துக்கு தேவைப்பட்டாங்க, அந்த படிப்பு அவங்கள தந்துச்சுங்கிறது தான் அவங்க வாதம். எனக்கு அது கொஞ்சம் கடுமையா தான் படுது, மனப்பாடம் பண்ணினதெல்லாம் வீண்னு சொல்ல முடியாது, நாம மனப்பாடம் பண்ணின திருக்குறள் இருபது வருசம் கழிச்சு ஒரு நாள் அர்த்தம் தர்றது இல்லையா. ஆனாலும் அசைன்மென்ட்ல அந்த பக்கத்தையும் வைக்கணும், இல்லன்னா ஆசிரியர்ங்க தங்கள பத்தி தாங்களே சொன்னத அப்படியே நம்பி எழுதின மாதிரி ஆயிடும்.

அப்புறம் யாருக்கு அந்த வகுப்பு? பொம்பள பிள்ளைங்களுக்கு பெரும்பாலும் இல்ல. வெரோனாவுல இசொட்டா நொகரோலான்னு ஒரு பொண்ணு, 1418ல பிறந்தவ, வீட்டுலயே ஆசிரியர் வச்சு லத்தீன் படிச்சு நல்லா எழுதினா. அதே குவாரினோவுக்கு லத்தீன்ல கடிதம் எழுதினா. அவரு பதில் போடல. ஊர்ல இருக்கிற பொம்பளைங்க எல்லாம் என்னைய பார்த்து சிரிக்கிறாங்க, உங்களுக்கு எழுதினது தான் என் தப்பான்னு ரெண்டாவது கடிதம் எழுதினதுக்கு அப்புறம் தான் பதில் வந்துச்சு. பிறகு 1451ல ஆதாம் பாவம் பெருசா ஏவாள் பாவம் பெருசான்னு ஒரு உரையாடல் எழுதினா, ஏவாள் பக்கம் நின்னு. சிசரோவோட வாதம் பண்ற முறைய எடுத்து, அந்த முறைய தனக்கு கதவ சாத்தினவங்க முன்னாடியே பேசி காட்டினா. எடுத்து என்ன செய்தார்ங்கிற கேள்விக்கு இதவிட நேரான பதில் எனக்கு தெரியல. வாசகி அக்கா, ஷேக்ஸ்பியர் தான்னு இல்லாம இவளையும் ஒரு பத்தியில வைங்க.

இன்னொரு விசயமும் சொல்லிடுறேன். மறுமலர்ச்சிக்காரங்க சுத்த லத்தீன் சுத்த லத்தீன்னு பிடிவாதம் பிடிச்சே உயிரோட இருந்த லத்தீன கொன்னுட்டாங்கன்னு சி.எஸ். லூயிஸ்னு ஒரு இலக்கிய அறிஞர் 1954ல எழுதினாரு. அதுல உண்மை இருக்கு. எராஸ்மஸே 1528ல அப்படி ஒரு பாத்திரத்த எழுதியிருக்காரு, சிசரோ ஒரு வினைச்சொல்லை எந்த வடிவத்துல எழுதலையோ அந்த வடிவத்த நானும் எழுத மாட்டேன்னு நிக்கிற ஆள். ஆனா முழுசா ஏத்துக்க முடியல. தோமஸ் மோரோட உட்டோபியா 1516ல லத்தீன், இங்கிலிஷ்ல 1551ல தான் வந்துச்சு. வானியல்காரர் கொப்பர்னிக்கஸும் உடற்கூறு எழுதின வெசாலியஸும் ஒரே வருசம் 1543ல லத்தீன்ல எழுதினாங்க. நியூட்டன் 1687ல கூட லத்தீன். செத்த மொழில யாரு பூமி சுத்துறத பத்தி புதுசா எழுதுவா? எங்க தாத்தா கொட்டாஞ்சேனை கோயில்ல பாட்டு குழுவுல இருந்தவர், லத்தீன் பூசை நின்னு பல வருசம் ஆன பிறகும் காலைல முகம் கழுவும்போது லத்தீன் பாட்டு தான் வரும், அவருக்கு அது வீட்டு சத்தம்.


வெள்ளவத்தை வாசகி:

ரெண்டு பேருக்கும் கனக்க நன்றி. நொகரோலாவைப் பற்றி நான் கேள்விப்படவே இல்லை, பஸ்ஸுக்குள்ள நிண்டுகொண்டே அதை ரெண்டு தரம் வாசிச்சன். அந்தச் சிரிக்கிறாங்க எண்ட வரி மனசில நிக்குது. சேர் சொன்ன வகுப்பறை விசயத்தை முதல் பகுதியா வைக்கலாம் எண்டு நினைக்கிறன். ஆனா ஒரு பாடலை எடுத்து நான் காட்ட வேணுமெல்லோ, அங்கதான் நிக்கிறன். லத்தீன் தெரியாத ஆள் ஓவிட்டையும் ஷேக்ஸ்பியரையும் பக்கத்தில பக்கத்தில வைச்சு என்னத்தைப் பாக்கிறது?


ஐம்பத்தேழாம் ஒழுங்கை:

தங்கச்சி, நானும் முந்தி இதே இடத்தில நிண்டனான், அதால செய்த மாதிரியே சொல்லுறன். ஷேக்ஸ்பியரின்ர டெம்பெஸ்ட் நாடகத்தில அஞ்சாவது அங்கத்தில புரொஸ்பெரோ எண்ட மந்திரவாதி மந்திரத்தை விடப்போறன் எண்டு பேசுற பேச்சை எடுங்கோ. ஒரு கொப்பியில பக்கத்தை மூண்டாப் பிரிச்சு கோடு அடியுங்கோ. முதல் நிரலில ஓவிட்டின்ர மெட்டமோர்ஃபோசிஸ் ஏழாம் புத்தகத்தில மெடியா எண்ட சூனியக்காரி பேசுற பேச்சு, நடுவில அதை 1567இல கோல்டிங் இங்கிலிஷில போட்டது, மூண்டாவதில ஷேக்ஸ்பியர். ஓவிட்டுக்கு லோப் பதிப்பு பாருங்கோ, இடப்பக்கம் லத்தீன் வலப்பக்கம் இங்கிலிஷ், லத்தீன் எண்டா சிவப்பு அட்டை கிரேக்கம் எண்டா பச்சை அட்டை. புத்தகம் கிடைக்காட்டி பெர்சியஸ் எண்ட இணையத்தளத்தில லத்தீன் சொல்லில அமத்தினா அர்த்தம் வரும், காசு இல்லை.

முதல் லத்தீன் வரியை வாய்விட்டு வாசியுங்கோ. அவுரேக்வே எத் வென்தி மொன்தேஸ்க்வே அம்னேஸ்க்வே லாகூஸ்க்வே. இந்தக் க்வே என்ன தெரியுமோ, எங்கட உம். சொல்லின்ர கடைசியில ஒட்டுறது. தென்றல்களும் காற்றுகளும் மலைகளும் ஆறுகளும் ஏரிகளும் எண்டு அப்பிடியே தமிழில வரும், அடுக்கிக்கொண்டு போற அந்த ஓசையோடயே. இங்கிலிஷ்காரருக்கு அது வராது, அவைக்கு அந்த ஒட்டு இல்லை. லத்தீன் தெரியாது எண்டு சொல்லுறீங்கள், ஆனா இந்த வரி என்ன செய்யுது எண்டு தமிழ்க் காதுக்குக் கேக்கும். மந்திரம் ஓதுற மாதிரி ஒவ்வொண்டா வந்து நிக்குது.

இப்ப நடு நிரல். ஓவிட்டில மெடியா கூப்பிடுறது காடுகளின்ர தெய்வங்களை, இரவின்ர தெய்வங்களை. கோல்டிங் அந்த இடத்தில எல்ஃப் எண்ட சொல்லைப் போட்டார், அது இங்கிலாந்துக் கிராமத்துக் கதையளில வாற குட்டிப் பூதம். மூண்டாவது நிரலில ஷேக்ஸ்பியரின்ர பேச்சு மலைகளின்ர, ஓடைகளின்ர, தேங்கி நிக்கிற ஏரிகளின்ர எல்ஃபுகளே எண்டுதான் துவங்குது. அந்த எல்ஃப் லத்தீனில இல்லை. அப்ப அவர் கோல்டிங்கைப் பாத்தார் எண்டது தெரியுது.

ஆனா அதோட விடாதேங்கோ. கொஞ்சம் கீழ வந்தா ஓவிட்டில மெடியா, பாறையளையும் ரோபோராவையும் மண்ணோட பிடுங்குவன் எண்டுறாள். ரோபோரா எண்டா ஓக் மரம். கோல்டிங் அதைப் பொதுவா மரம் எண்டு போட்டிட்டார். ஷேக்ஸ்பியரில பாத்தா ஜோவ் எண்ட உரோமக் கடவுளின்ர உறுதியான ஓக் மரத்தைப் பிளந்தன் எண்டு ஓக் திரும்பி வந்திருக்கு. மொழிபெயர்ப்பில இல்லாத மரம் எங்கயிருந்து வந்தது? 1944இல போல்ட்வின் எண்டவர் ஷேக்ஸ்பியரின்ர பள்ளிக்கூடப் படிப்பைப் பற்றி ரெண்டு பெரிய தொகுதி எழுதினவர், இப்பிடியான இடங்களை வைச்சுத்தான் இந்த மனிசனுக்கு மூலத்தை வாசிக்கிற அளவுக்கு லத்தீன் இருந்தது எண்டு வாதாடுகினம். பென் ஜோன்சன் எண்ட நாடகக்காரர் 1623இல ஷேக்ஸ்பியரைப் பற்றி, உனக்குக் கொஞ்சம் லத்தீன், அதைவிடக் குறைய கிரேக்கம் எண்டு பாடினதைப் பிடிச்சுக்கொண்டு அவருக்குப் படிப்பே இல்லை எண்டு நினைக்கக் கூடாது, ஜோன்சன் பெரிய பண்டிதர், அவர் கொஞ்சம் எண்டு சொன்னது எங்களுக்குக் கனக்க.

இதுவரைக்கும் எங்கயிருந்து எடுத்தார் எண்ட கேள்விதான். எடுத்து என்ன செய்தார் எண்டது இனித்தான் வருது. கல்லறையள் என்ர கட்டளைக்குத் திறந்து செத்த ஆக்களை வெளிய விட்டுது எண்டு புரொஸ்பெரோ சொல்லுறான். நாடகம் முழுக்கத் தேடிப் பாருங்கோ, அவன் ஒரு செத்த ஆளையும் எழுப்பேல்ல. அது மெடியா செய்தது. அவளின்ர சொல் அவன்ர வாயில இருக்கு. நல்ல மந்திரவாதி எண்டு நாங்கள் நாலு அங்கமா நம்பின ஆள், மந்திரத்தை விடுற அந்த நிமிசத்தில ஒரு சூனியக்காரியின்ர குரலில பேசுறான். அப்ப அவன்ர மந்திரத்துக்கும் அவளின்ர சூனியத்துக்கும் இடையில எவ்வளவு தூரம்? சபையில ஓவிட் படிச்ச ஆக்கள் இருந்தவை, பள்ளிக்கூடத்தில வரி வரியாப் பாடமாக்கின ஆக்கள், அவைக்கு இது கேட்டிருக்கும்.

எங்கட ஆக்களுக்கு விளங்கப்படுத்த வேணுமெண்டா கம்பனைச் சொல்லலாம். வால்மீகியில இராவணன் சீதையைக் கையால பிடிச்சுத் தூக்குறான், கம்பன்ல தொடாமல் நிலத்தோட பெயர்த்து எடுக்கிறான். கம்பன் வால்மீகியிட்டக் கதை எடுத்தான் எண்டு எழுதினா ஒண்டும் சொன்னதாகாது. அந்த ஒரு மாற்றத்தை வைச்சு ஒரு மணித்தியாலம் கதைக்கலாம். பெற்றார்க்கும் இதைத்தான் சொன்னவர், பாத்து எழுதுறது எண்டா மகன் தகப்பனைப் போல இருக்கிற மாதிரி இருக்க வேணும், படம் கீறின மாதிரி இருக்கக் கூடாது எண்டு. தோமஸ் கிறீன் எண்ட ஆய்வாளர் 1982இல எழுதின புத்தகம் முழுக்க இந்த விசயம்தான், கிடைச்சா முதல் அஞ்சு அத்தியாயத்தையாவது வாசியுங்கோ.


ஏட்டுச்சுவடி:

ஒழுங்கைப் பிள்ளை சொன்ன அந்த உம் விசயத்தை நான் இத்தனை வருசம் வகுப்பில சொல்லாமல் விட்டிட்டன், அருமை. கொட்டாஞ்சேனைத் தம்பி சொன்ன கிராஃப்டன் ஜார்டின் பக்கமும் நியாயம்தான், நான் அஸ்கம் சொன்னதை வைச்சுச் சொன்னன், வாத்தியார் எழுதின முறையும் வகுப்பில நடந்ததும் வேற வேற எண்டதை ஒப்புக்கொள்ள வேணும். நொகரோலாவை விடாதேங்கோ பிள்ளை.

அசைன்மென்ட்டுக்கு வெளியால ஒண்டு. இந்தப் படிப்பு எங்கட மொழிக்குள்ளயும் வந்து போயிருக்கு. இயேசு சபையார் 1599இல தங்கட பள்ளிக்கூடங்களுக்கெல்லாம் ஒரே பாடத்திட்டம் போட்டவை, சிசரோவும் வேர்ஜிலும்தான் அதில நடுத்தூண். அந்தப் படிப்புப் படிச்ச இத்தாலியர்தான் வீரமாமுனிவர். அவர் தேம்பாவணியைக் காப்பியமாச் செய்தார், குறளில அறத்துப்பாலையும் பொருட்பாலையும் லத்தீனில போட்டார், காமத்துப்பாலை விட்டிட்டார். ஒரு பழைய நூலைக் கையில எடுத்தா மொழிபெயர்க்க வேணும், இலக்கணம் எழுத வேணும், அகராதி செய்ய வேணும் எண்ட பழக்கம் அவருக்கு எங்கயிருந்து வந்தது எண்டு யோசிச்சுப் பாருங்கோ. பிறகு எங்கட ஊர்காவற்றுறைப் பக்கத்துத் தனிநாயகம் அடிகள், உரோமில படிச்சு லத்தீன் நல்லாத் தெரிஞ்சவர், சங்கப் பாட்டில இயற்கை வாற விதத்தைக் கிரேக்க லத்தீன் கவிதைகளோட ஒப்பிட்டு எழுதினார். லத்தீன் தெரிஞ்ச கண்ணால அகத்திணையைப் பாக்கேக்க அதின்ர தனித்தன்மை இன்னும் துலக்கமாத் தெரியுது.


வெள்ளவத்தை வாசகி:

நாலு நாள் கழிச்சு வாறன், மன்னிக்கவும். அக்கா சொன்ன மாதிரியே கொப்பியில மூண்டு கோடு அடிச்சு முழுப் பேச்சையும் கையால எழுதினன். எழுதேக்க ஒண்டு கண்ணில பட்டது, சரியோ எண்டு சொல்லுங்கோ.

மெடியா இவ்வளவு தெய்வத்தையும் கூப்பிடுறது ஏனெண்டா அவளின்ர புருசன் ஜேசனின்ர தகப்பன் ஈசன் (எங்கட சிவன் இல்லை, கிரேக்கப் பேர்) கிழவனாப் போனார், அவரைத் திரும்ப இளந்தாரியாக்க. பேச்சின்ர கடைசியில, முதுமை திரும்பப் பூவாகிற சாறு எனக்கு இப்ப வேணும் எண்டு கேக்கிறாள். அதுவரைக்கும் சொன்ன பெருமையெல்லாம் அந்த ஒரு கேள்விக்காகத்தான். புரொஸ்பெரோ அதே வரியளை ஒண்டொண்டாச் சொல்லிக்கொண்டு வாறான், காற்று, கடல், இடி, ஓக் மரம், கல்லறை, சரியா மெடியா சாறு கேக்கிற இடத்துக்கு வரேக்க அவன் ஒண்டும் கேக்கேல்ல. கொஞ்ச நேரத்துக்குச் சங்கீதம் மட்டும் வேணும் எண்டுறான், பிறகு தடியை முறிச்சு மண்ணுக்குள்ள புதைக்கிறன், புத்தகத்தைக் கடலுக்குள்ள போடுறன் எண்டுறான். நாடகம் முடியேக்க தன்ர ஊர் மிலானுக்குப் போய், மூண்டு நினைப்பில ஒரு நினைப்பு என்ர கல்லறையாத்தான் இருக்கும் எண்டும் சொல்லுறான். அவள் கிழவனை இளமையாக்க ஓதின மந்திரத்தைச் சொல்லிக்கொண்டே இவன் கிழவனாகப் போறான்.

இன்னொண்டு, மெடியா கூப்பிடுறது தெய்வங்களை, இவன் தன்ர எல்ஃபுகளைப் பார்த்து நீங்கள் பலமில்லாத ஆக்கள் எண்டாலும் எண்டு சொல்லுறான். அந்தச் சொல்லு ஓவிட்டிலயும் இல்லை, கோல்டிங்கிலயும் நான் காணேல்ல.

எட்டுப் பக்கத்தையும் எடுத்து வைச்சிட்டு இந்தப் பேச்சை நடுவில வைச்சுத் திரும்ப எழுதத் துவங்கியிருக்கிறன். முன்னுக்குப் பெற்றார்க்கின்ர கடிதமும் அஸ்கமின்ர வகுப்பும், அதோட சேத்து குவாரினோவின்ர வகுப்புக் குறிப்புகளும் நொகரோலாவும். புளோட்டஸ், புளூட்டாக் எல்லாத்துக்கும் சேத்து ஒரு பத்திதான் விட்டிருக்கிறன். அக்கா, ஞாயிற்றுக்கிழமைக்குள்ள இந்த ஈசன் பகுதியை இங்க போட்டா ஒருக்காப் பாத்துச் சொல்லுவீங்களோ?


ஐம்பத்தேழாம் ஒழுங்கை:

கட்டாயம் போடுங்கோ. ஈசன் விசயம் நல்லா நிக்குது. ஒண்டு மட்டும் கவனிச்சுக்கொள்ளுங்கோ, சாறு கேக்கிற வரியை லத்தீனிலயும் தமிழ் எழுத்தில ஒருக்கா எழுதிப் பாருங்கோ, நூங்க் ஒபுஸ் எஸ்த் சூகீஸ் எண்டு துவங்கும். நூங்க் எண்டா இப்ப. புரொஸ்பெரோவும் பேச்சின்ர கடைசியில, இப்பகூட நான் கேக்கிறது சங்கீதம் எண்டு அதே இப்பவைச் சொல்லுறான், எந்த இடத்தில எண்டு கொப்பியில ரெண்டையும் நேருக்கு நேர் வைச்சுப் பாருங்கோ.